ஜெயில்ல இருந்து வெளிய வந்த வ.உ.சி. மாச வருமானத்துக்கு என்ன பண்ணார்?



கோயம்புத்தூர்ல இருக்கறவங்களுக்கு வ.உ.சி. பேரு அடிக்கடி கண்ணுல படும். வ.உ.சி. பூங்கா, வ.உ.சி. மைதானம். நம்ம கணபதியில இருந்து சத்தி ரோட்ல நேரா வந்தா காந்திபுரம். அங்கிருந்து கொஞ்ச தூரத்துல மத்திய சிறை. 1908 ஜூலை 9-ல இருந்து 1910 டிசம்பர் 1 வரைக்கும் அவரை அடைச்சு வச்சிருந்தது இந்த ஜெயில்லதான். அவர் இங்க இழுத்த செக்கை நினைவுச் சின்னமா வச்சிருக்காங்க.

கப்பல் ஓட்டினார், செக்கு இழுத்தார். ஸ்கூல் பாடம் பெரும்பாலும் இங்கயே நின்னுடும். நான் ஆடிட்டர். எனக்கு எப்பவுமே அடுத்த பக்கத்தைப் புரட்டிப் பார்க்கணும்னு தோணும். 1912 டிசம்பர் 24-ம் தேதி அவர் விடுதலை ஆகறார். அப்ப வயசு 40. மனைவி, சின்னப் பசங்க ரெண்டு பேர். 25-ம் தேதி காலையில வீட்டுக்கு அரிசி வாங்க யாரு காசு குடுத்தாங்க?

இந்தக் கேள்வி நூறு வருஷத்துக்கு முந்தின கதை மாதிரி தெரியும். ஆனா இந்த ஊர் ஜெயில்ல இருந்து இன்னிக்கு வெளிய வர்ற ஒவ்வொருத்தருக்கும் இதே கேள்விதான். அவங்கள்ல ஒருத்தர் உங்க கம்பெனிக்கு இன்டர்வியூ வரலாம், உங்க பக்கத்து போர்ஷனுக்கு வாடகைக்குக் கேட்டு வரலாம், உங்க சொந்தக்காரராவே கூட இருக்கலாம். அதனால இன்னிக்கு மியூச்சுவல் ஃபண்டை ஓரமா வச்சுட்டு இதைப் பேசுவோம்.

உள்ளே போறதுக்கு முன்னாடி

வ.உ.சி. நல்ல வருமானம் இருந்த வக்கீல். அப்பாவும் வக்கீல்தான். 1906 அக்டோபர்ல சுதேசி ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனியைப் பதிவு பண்றாங்க. மூலதனம் 10 லட்சம் ரூபாய். ஒரு பங்கு 25 ரூபாய், மொத்தம் 40,000 பங்கு. பிரிட்டிஷ் கம்பெனி கட்டி ஆண்ட தூத்துக்குடி - கொழும்பு ரூட்ல காலியா, லாவோ-னு ரெண்டு கப்பல் விட்டாங்க. எதிர் கம்பெனி டிக்கெட் விலையை அடிமாட்டு விலைக்கு இறக்கிச்சு. இன்னிக்கு ஆப்ல பார்க்கற ஆஃபர் சண்டை எல்லாம் அப்பவே நடந்திருக்கு.

1908 ஜூலை 7-ம் தேதி ஜட்ஜ் பின்ஹே ரெண்டு ஆயுள் தண்டனை குடுக்கறார். கூட்டினா 40 வருஷம். மேல்முறையீட்டுல குறைஞ்சு, கோயம்புத்தூர்லயும் கண்ணனூர்லயும் இருந்துட்டு 1912 கடைசியில வெளிய வர்றார். அதுக்கு முன்னாடியே, 1911-ல, கம்பெனியைக் கலைச்சுட்டாங்க.

வெளிய வந்த பிறகு

இப்ப அவரோட பேலன்ஸ் ஷீட்டைப் பாருங்க. வக்கீல் சன்னத்தைப் பறிச்சாச்சு. அதனால தெரிஞ்ச தொழில் போச்சு. கம்பெனி இல்ல. சொந்த ஜில்லாவான திருநெல்வேலிக்குத் திரும்பிப் போகவும் அனுமதி இல்ல. அதனால பழகின ஆளுங்க, பழைய கட்சிக்காரங்க, கடன் குடுக்கற கடைக்காரர் எல்லாரும் எட்டாத தூரத்துல.

சென்னைக்குப் போனார். மளிகைக்கடை வச்சார், மண்ணெண்ணெய் வித்தார். புத்தகம் எழுதிப் போட்டார். 'மெய்யறம்' 1914-ல, 'மெய்யறிவு' 1915-ல வந்துச்சு. இன்னிக்கு நாம சைடு இன்கம்னு சொல்றதுதான். எதுவும் குடும்பத்துக்குப் போதுமானதா இல்ல.

இதுக்கு நடுவுல ஒரு சம்பவம். தென்னாப்பிரிக்காவுல இருந்த இந்தியர்கள் வ.உ.சி.க்கு உதவணும்னு காசு சேர்த்து காந்திகிட்ட குடுத்திருந்தாங்க. 1915-ல காந்தி சென்னைக்கு வந்தப்ப ரெண்டு பேரும் சந்திச்சாங்க. அந்தப் பணத்தைப் பத்திக் கடிதம் மேல கடிதம் போச்சு. யார் குடுத்தாங்க, எவ்வளவுங்கறது காந்திக்கு உடனே ஞாபகம் வரல. 1916 தொடக்கத்துல ஒருவழியா பணம் வந்து சேர்ந்துச்சு. தொகை 347 ரூபாய் 12 அணா. வரலாற்று ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி இந்தக் கடிதங்களைத் தேடி எடுத்து ஒரு புத்தகமாவே எழுதியிருக்கார்.

பத்து லட்ச ரூபாய் மூலதனத்துல கம்பெனி ஆரம்பிச்ச மனுஷன், தனக்காகச் சேர்த்த 347 ரூபாய்க்கு மாசக்கணக்கா லெட்டர் போட வேண்டியிருந்துச்சு. இதுல வெட்கப்பட அவருக்கு ஒண்ணுமே இல்ல. வருமானம் நின்னு போன வீட்ல அந்தப் பணத்தோட மதிப்பு என்னன்னு அவருக்குத்தான் தெரியும்.

அப்புறம் நம்ம கோயம்புத்தூருக்கே வந்தார். எந்த ஊர்ல கைதியா இருந்தாரோ அதே ஊர்ல தொழிற்சங்க வேலை, பேங்க் வேலைன்னு பார்த்தார். அதுவும் பத்தல. சன்னத்தைத் திரும்பக் குடுங்கன்னு மனு போட்டார். ஈ.ஹெச். வாலஸ்னு ஒரு ஆங்கிலேய ஜட்ஜ் அனுமதி குடுத்தார். அந்த நன்றிக்காகத் தன்னோட கடைசிப் பையனுக்கு வாலேஸ்வரன்னு பேர் வச்சார் வ.உ.சி.! வெள்ளைக்காரன் கப்பலுக்கு எதிரா கப்பல் விட்டவர், ஒரு வெள்ளைக்கார ஜட்ஜோட பேரைப் புள்ளைக்கு வைக்கறார்னா, அந்த ஒரு கையெழுத்து அவருக்கு என்னவா இருந்திருக்கும்னு யோசிச்சுப் பாருங்க.

கோவில்பட்டியில மறுபடி வக்கீல் தொழில் பண்ணி, தூத்துக்குடிக்குப் போய், 1936 நவம்பர் 18-ல இறந்தார். கடைசியில எழுதின உயில்ல, கடைகளுக்குக் குடுக்க வேண்டிய பாக்கியைக் கூட எழுதி வச்சுட்டுப் போனார்.

அவர் தேசபக்தர். ஊரே கொண்டாடின ஆள். படிச்சவர், தொழில் தெரிஞ்சவர். அவருக்கே திரும்ப எழுந்து நிக்க இத்தனை வருஷம் ஆச்சுன்னா, அடிதடி கேஸ்லயோ, திருட்டு கேஸ்லயோ உள்ள போயிட்டு வந்த ஒரு சாதாரணப் பையனுக்கு எவ்வளவு ஆகும்?

பத்து வருஷம் போனா எவ்வளவு போகும்?

நம்ம பாஷையில ஒரு கணக்கு. மாசம் 5,000 ரூபாய் எஸ்ஐபி, வருஷத்துக்கு 12% வளர்ச்சின்னு வச்சுக்குவோம். இது ஒரு அனுமானம்தான், உத்தரவாதம் கிடையாது.

- 25 வயசுல ஆரம்பிச்சு 58 வரைக்கும் போட்டா: சுமார் 2.55 கோடி.
- 35 வயசுல ஆரம்பிச்சு 58 வரைக்கும் போட்டா: சுமார் 74 லட்சம்.

போடாம விட்டது வெறும் 6 லட்சம். கடைசியில குறையறது ஒன்றே முக்கால் கோடிக்கு மேல. பத்து வருஷம் சும்மா தள்ளிப்போட்டாலும் இதே நஷ்டம்தான். ஆனா ஜெயிலுக்குப் போயிட்டு வந்தவருக்கு இதுல ஒரு கூடுதல் விஷயம் இருக்கு. தண்டனை 3 வருஷமா இருந்தாலும், வெளிய வந்து ஒழுங்கான சம்பளத்துல உக்கார இன்னும் 7 வருஷம் ஆச்சுன்னா, கோர்ட் எடுத்துக்கிட்டது 3 வருஷம், மீதி 7 வருஷத்தை எடுத்துக்கிட்டது நாம.

சட்டம் தேதி போடுது

நிறைய பேருக்குத் தெரியாத விஷயம் இது. தண்டனை முடிஞ்ச பிறகு எத்தனை நாள் தள்ளி வைக்கணும்னு நம்ம சட்டங்கள் பெரும்பாலும் அளந்து சொல்லுது.

- வக்கீல்: ஒழுக்கக்கேடான குற்றத்துக்குத் தண்டனை வாங்கினவர் வக்கீலாப் பதிவு பண்ண முடியாது. ஆனா விடுதலையாகி 2 வருஷம் ஆச்சுன்னா அந்தத் தடை போயிடும். வழக்கறிஞர்கள் சட்டம், பிரிவு 24-ஏ.
- கம்பெனி டைரக்டர்: 6 மாசமோ அதுக்கு மேலயோ தண்டனைன்னா, அது முடிஞ்சு 5 வருஷம் வரைக்கும் ஆக முடியாது. 7 வருஷமோ அதுக்கு மேலயோ தண்டனை வாங்கினவருக்கு மட்டும் நிரந்தரத் தடை. கம்பெனிகள் சட்டம் 2013, பிரிவு 164.
- தேர்தல்ல நிக்க: பொதுவா 2 வருஷமோ அதுக்கு மேலயோ தண்டனைன்னா, விடுதலைக்குப் பிறகு 6 வருஷம் தடை.
- என்னோட தொழில்: ஒழுக்கக்கேடான குற்றத்துக்குத் தண்டனை வாங்கினவர் சார்ட்டர்ட் அக்கவுன்டன்டா இருக்க முடியாது. ஆனா விண்ணப்பிச்சா, மத்திய அரசு அந்தத் தடையை நீக்கலாம்னு 1949-ம் வருஷச் சட்டமே சொல்லுது.

எம்.எல்.ஏ. ஆகறதுக்கே 6 வருஷம் பொறுத்தாப் போதும்னு சட்டம் சொல்லுது. வாடகைக்கு வீடு கேட்டு வந்தா எத்தனை வருஷம் பொறுக்கணும்? அதுக்கு எந்தப் புத்தகத்துலயும் தேதி இல்ல.

உள்ள இருந்தவங்க எல்லாம் குற்றவாளியா?

தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தோட கணக்குப்படி 2022 கடைசியில இந்தியச் சிறைகள்ல 5,73,220 பேர் இருந்தாங்க. அதுல 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள். அதாவது நாலுல மூணு பேருக்கு கோர்ட் இன்னும் தீர்ப்பே சொல்லல. அவங்கள்ல பலர் நாளைக்கு நிரபராதின்னு வெளிய வருவாங்க. ஆனா ஊர்ல 'அவன் ஜெயிலுக்குப் போனவன்' அப்படிங்கற ஒரே வரிதான் நிக்கும்.

கூகுள்லயும் அப்படித்தான். விடுதலை ஆன ஒருத்தர், இணையத்துல இருக்கற தீர்ப்புல இருந்து தன் பேரை எடுக்கணும்னு கேட்டப்ப, 2024 பிப்ரவரியில சென்னை உயர் நீதிமன்றம் அவருக்குச் சாதகமா உத்தரவு போட்டுச்சு. அதே வருஷம் ஜூலையில உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவுக்குத் தடை குடுத்துச்சு. கோர்ட்டுக்கே இது சிக்கலான கேள்வி. ஹெச்.ஆர். டேபிள்ல மட்டும் ரெண்டு நிமிஷத்துல முடிவு எடுத்துடறோம்.

"அவன் எதுவும் கேக்க மாட்டானுங்க"

கணபதி பக்கம் ஜாப் ஒர்க் பண்ற ஒரு கிளையன்ட். 25 பேர் வேலை செய்யற யூனிட். ஒரு நாள் போன் பண்ணினார்.

"ஏனுங்க ஆடிட்டர், ஜெயிலுக்குப் போயிட்டு வந்த பையன் ஒருத்தன் வேலை கேக்கறானுங்க. லேத் நல்லா ஓட்டறான். பிஎஃப் போட்டா நம்மளுக்கு ஏதாச்சும் சிக்கல் வருங்களா?"

வராதுங்க, ஆதார், பான், பேங்க் அக்கவுன்ட் இருந்தாப் போதும், ஜெயிலுக்குப் போனியான்னு பிஎஃப்ல கேக்கற கட்டமே இல்லைன்னு சொன்னேன். கொஞ்ச நேரம் யோசிச்சார்.

"இல்லீங்க, கையில காசாவே குடுத்துடலாமுங்களா? மத்தவங்களுக்கு 18,000 குடுக்கறோம். இவனுக்கு 13,000 போதும். அவன் எதுவும் கேக்க மாட்டானுங்க."

அவர் கெட்ட மனுஷன் இல்ல. வேலை குடுக்கணும்னு நினைச்சதே பெரிய விஷயம். ஆனா களங்கத்துக்கு ரூபாய்ல என்ன விலைன்னு அந்த ஒரு வாக்கியம் சொல்லிடுச்சு. மாசம் 5,000 குறைச்சல், வருஷத்துக்கு 60,000. அது போக 15,000 உச்சவரம்புல முதலாளி போட வேண்டிய பிஎஃப் பங்கு மாசம் 1,800. இஎஸ்ஐ இல்ல, அதனால கையில மெஷின் பட்டா ஆஸ்பத்திரிச் செலவு அவனோடது. சம்பளச் சீட்டு இல்ல, அதனால பைக் லோன் இல்ல. பேங்க்ல வரவு இல்ல, அதனால நாளைக்கு வீட்டுக் கடனும் இல்ல. கையில காசா வாங்கறவன், கணக்குல இல்லாத ஆள்.

இதை அவர்கிட்ட அப்படியே சொன்னேன். 25 பேர் இருக்கற இடத்துல ஒருத்தரை மட்டும் பிஎஃப், இஎஸ்ஐ இல்லாம வச்சா, ஆய்வு வந்தா சிக்கல் உங்களுக்குத்தான்னும் சொன்னேன். எது வேலை செஞ்சுச்சுன்னு தெரியல. அடுத்த மாச பிஎஃப் சலான்ல அந்தப் பையன் பேர் இருந்துச்சு, மத்தவங்களுக்குப் போட்ட அதே தொகையோட.

அப்ப எல்லாரையும் கண்ணை மூடிட்டு நம்பணுமா?

வேண்டாம். பாதிக்கப்பட்டவங்க பக்கமும் ஒரு நியாயம் இருக்கு. பண மோசடியில தண்டனை வாங்கினவரை எடுத்ததும் கல்லாவுல உக்கார வைக்கச் சொல்லல. குழந்தைகளுக்குக் கொடுமை பண்ணினவரை ஸ்கூல் பஸ்ல வைக்கவே கூடாது. கேக்க வேண்டியது மூணே கேள்வி: என்ன குற்றம், எப்ப நடந்துச்சு, இந்த வேலைக்கும் அதுக்கும் சம்பந்தம் இருக்கா? பத்து வருஷத்துக்கு முந்தின அடிதடிக்கும் டிரில்லிங் மெஷினுக்கும் என்ன சம்பந்தம்?

நம்ம ஊர்லயே சிறைத்துறை பெட்ரோல் பங்க் இருக்கு. கைதிகள்தான் பெட்ரோல் போடறாங்க. நாம வண்டியை நிறுத்தி, காசைக் கையில குடுத்து, மீதியை வாங்கிட்டு வர்றோம். யாரும் பயப்படறதில்ல. அதே ஆள் தண்டனையை முடிச்சுட்டு ரெஸ்யூமோட வந்தா மட்டும் ஏன் பயம்?

உங்க வீட்ல யாராவது உள்ள இருந்தா

இதைச் சத்தமாக் கேக்க நிறைய பேருக்குக் கூச்சமா இருக்கும். அதனால நானே சொல்லிடறேன்.

1. வக்கீல்: காவல்ல இருக்கற எவருக்கும், வருமானம் எவ்வளவுன்னு பார்க்காம, இலவச சட்ட உதவி கிடைக்க உரிமை இருக்கு. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவைப் பாருங்க. ஹெல்ப்லைன் எண் 15100.
2. சிம் கார்டு: சின்ன விஷயம் மாதிரி தெரியும். ரீசார்ஜ் பண்ணாம விட்டா நம்பர் வேற ஒருத்தருக்குப் போயிடும். ஆதார், பேங்க், பிஎஃப் எல்லாத்துக்கும் ஓடிபி அதுலதான். குறைஞ்ச பிளான்லயாவது உயிரோட வச்சிருங்க.
3. இஎம்ஐ: பேங்க்குக்கு எழுத்துல தெரியப்படுத்துங்க. சிபில்ல 'ஜெயில்'னு ஒரு கட்டம் கிடையாது. ஆனா கட்டாத இஎம்ஐ வருஷக்கணக்குல அங்க நிக்கும்.
4. டேர்ம் இன்சூரன்ஸ், பிபிஎஃப்: பிரீமியத்தை நிறுத்தாதீங்க. பிபிஎஃப்ல வருஷத்துக்கு 500 ரூபாய் போட்டாலே கணக்கு உயிரோட இருக்கும்.
5. பேங்க் அக்கவுன்ட்: 2 வருஷம் எந்தப் பரிவர்த்தனையும் இல்லைன்னா செயல்படாத கணக்கு ஆயிடும். 10 வருஷம் ஆச்சுன்னா பணம் ரிசர்வ் வங்கியோட நிதிக்குப் போயிடும். அப்பவும் திரும்பக் கேட்டு வாங்கலாம். எந்த பேங்க்ல கிடக்குதுன்னு ரிசர்வ் வங்கியோட உத்கம் தளத்துல தேடலாம்.

வெளிய வந்த பிறகு ஆதார்ல மொபைல் நம்பர், பான் - ஆதார் இணைப்பு, பேங்க் கேஒய்சி, பிஎஃப்ல பழைய யுஏஎன். இந்த வரிசையில முடிங்க. கிரெடிட் கெட்டுப் போயிருந்தா, ஒரு சின்ன ஃபிக்சட் டெபாசிட் போட்டு அதை வச்சு கிரெடிட் கார்டு வாங்கி, மாசாமாசம் முழுசாக் கட்டுங்க. மெதுவாத்தான் ஏறும், ஆனா ஏறும்.

வேலைக்கு விண்ணப்பிக்கும்போது பொய் எழுதாதீங்க. அரசு வேலையில வழக்கை மறைச்சதைப் பத்தி 2016-ல அவதார் சிங் வழக்குல உச்ச நீதிமன்றம் தெளிவாச் சொல்லியிருக்கு: தகவல் உண்மையா இருக்கணும், அதே நேரம், சின்ன வழக்குன்னா அதிகாரி அதை மன்னிச்சு விடலாம். தனியார் கம்பெனி படிவத்துலயும் கேள்வியை நிதானமாப் படிங்க. 'வழக்கு இருந்துச்சா', 'தண்டனை உண்டா' ரெண்டும் வேற வேற கேள்வி. கேட்டதுக்கு உண்மையான பதில் எழுதுங்க. விடுதலை ஆகியிருந்தா தீர்ப்போட நகலைக் கையில வச்சிருங்க.

கடைசியா

வ.உ.சி.யோட வாழ்க்கை திரும்பினது ஒரு ஜட்ஜ் போட்ட கையெழுத்துல. இன்னிக்கு அவ்வளவு பெரிய கையெழுத்து தேவைப்படாது. ஒரு ஆஃபர் லெட்டர், ஒரு வாடகை ஒப்பந்தம், ஒரு பிஎஃப் சலான் போதும். இதை வாசிக்கற நீங்க இன்னும் அஞ்சு, பத்து வருஷத்துல டீம் லீடா, ஹெச்.ஆரா, வீட்டு ஓனரா இருப்பீங்க. அந்தப் பேனா உங்க கைக்கு வரும்.

அன்னிக்கு அந்த மூணு கேள்வியைக் கேளுங்க. பதில் திருப்தியா இருந்தா கையெழுத்துப் போடுங்க. சம்பளத்துல ஒரு ரூபாயும் குறைக்காதீங்க.

அடுத்த வீடியோவுல சந்திப்போம்.